மூன்றாம் ரிச்சர்டும் சென்னியப்பன் சித்தப்பாவும்

நியூஜெர்சி பிளெய்ன்ஸ்பரோவில் இருந்த அத்தனை தமிழர்களிலும், இங்கிலாந்தின் ரோஜாப்பூப் போர்களைப் பற்றி யாராவது தன்னிடம் ஒரு கேள்வி கேட்கமாட்டார்களா என்று காத்துக்கொண்டிருந்தவர் நஞ்சுண்டன் ஒருவர்தான். யாரும் கேட்கவில்லை. அங்கிருந்தவர்கள் எல்லாம் கம்ப்யூட்டர்காரர்கள், மருந்துக் கம்பெனிக்காரர்கள். அவர்களிடம் இருந்தது ஒரே கேள்வி, "நீங்க எங்க வொர்க் பண்றீங்க?" என்பது. நஞ்சுண்டனிடமும் ஒரே பதில்தான் இருந்தது. "ஒய்ஃப் வொர்க் பண்றாங்க" என்பார். கேட்டவர் அதற்குமேல் அவரிடம் என்ன பேசுவது என்று தெரியாமல், சமோசா இருக்கும் மேஜைப் பக்கம் போய்விடுவார்.

மனைவி வசந்தாமணி கோவையில் ஒரு மில்லின் கணிப்பொறிப் பிரிவில் இருந்தவள். இரண்டாயிரமாவது ஆண்டு பிறந்தால் உலகத்துக் கம்ப்யூட்டர்களெல்லாம் நின்றுவிடும் என்று அமெரிக்கா பயந்துபோய் ஆள் தேடியபோது, அவளுக்கு அழைப்பு வந்தது. 1997இல் வந்தார்கள். அவளுக்கு வேலை விசா, இவருக்கு அதன் வாலாக வரும் டிபெண்டன்ட் விசா. அந்த விசாவில் சோறு சமைக்கலாம், துணி துவைக்கலாம், லைப்ரரிக்குப் போகலாம். சம்பளத்துக்கு மட்டும் எதுவும் செய்யக்கூடாது. பதினேழு வருஷம் வரலாறு நடத்திய மனிதரை இப்படி உட்கார்த்தி வைத்தது யாருடைய தப்பும் இல்லை. அதனால்தான் அவருக்கு யார்மேலும் கோபப்படக்கூட வழியில்லாமல் போயிற்று.

கோவைக் கல்லூரியில் அவருக்கு ரோஜாப்பூ சார் என்று பெயர். பி.ஏ. மாணவர்களுக்கு இங்கிலாந்து வரலாறு ஒரு பேப்பர். அதில் 1455 முதல் முப்பது வருஷம் நடந்த அந்தச் சண்டையை மற்ற வாத்தியார்கள் இரண்டு வகுப்பில் முடித்துவிட்டு டீ குடிக்கப் போவார்கள். நஞ்சுண்டன் ஒன்றரை மாதம் நடத்துவார். மூன்றாம் எட்வர்டு ராஜாவுக்குப் பையன்கள் ஜாஸ்தி. பிழைத்துக் கிடந்தவர்களில் மூன்றாவது பையனின் வாரிசுகள் லங்காஸ்டர் வகையறா, நான்காவது பையனின் வாரிசுகள் யார்க் வகையறா. அவர்களுக்குச் சிவப்பு ரோஜா, இவர்களுக்கு வெள்ளை ரோஜா. "மத்தபடி உங்க ஊர்ப் பங்காளிச் சண்டைதானுங்க. வரப்புக்குப் பதிலா சிம்மாசனம், அவ்வளவுதான்" என்பார். கொங்கு நாட்டுப் பையன்களுக்கு அதற்குமேல் விளக்கம் தேவைப்பட்டதே இல்லை. பெஞ்சில் பாதிப்பேர் ஏதோ ஒரு கோர்ட்டில் வாய்தாவுக்குப் போய்வந்தவர்களின் பிள்ளைகள்.

அந்த ஒன்றரை மாதத்தில் கடைசிப் பத்து நாள் முழுக்க ஒரே ஒரு வருஷத்துக்குப் போகும். 1483. யார்க் வகையறாவின் நான்காம் எட்வர்டு திடுதிப்பென்று செத்துப்போகிறான். மூத்த பையனுக்குப் பன்னிரண்டு வயது, இளையவனுக்கு ஒன்பது. பையன்களைப் பார்த்துக்கொள்ளக் காப்பாளராக வருகிறான் செத்தவனின் தம்பி ரிச்சர்டு. பையன்கள் இருவரையும் லண்டன் கோட்டையில் கொண்டுபோய் வைக்கிறான். கொஞ்ச நாளில் தானே மூன்றாம் ரிச்சர்டு என்று முடிசூட்டிக்கொள்கிறான். அதற்கப்புறம் அந்தப் பையன்களை யாரும் பார்க்கவில்லை. கொன்றானா, இல்லையா? ஐந்நூறு வருஷமாக உலகம் அடித்துக்கொள்கிறது. நஞ்சுண்டன் வகுப்பில் அந்தச் சந்தேகத்துக்கெல்லாம் இடமில்லை. சித்தப்பன்தான் கொன்றான். "சாட்சி போதாது" என்று பரீட்சையில் எழுதிவைத்த ஒரு பையனுக்கு இரண்டு மார்க்கைக் குறைத்தார். அந்தப் பையன் பிற்பாடு வக்கீலானான்.

இவ்வளவு உறுதி எங்கிருந்து வந்தது என்று அவருக்குத் தெரியும், வசந்தாமணிக்குத் தெரியும். வேறு யாருக்கும் தெரியாது.

நஞ்சுண்டனின் அப்பா கோபிசெட்டிபாளையத்துப் பக்கம் ஒன்பது ஏக்கர் வாய்க்கால் பாசனத் தோட்டத்துக்குச் சொந்தக்காரர். 1968இல் கிணற்று மோட்டாரில் கைவைத்தவர் எழுந்திருக்கவில்லை. அம்மா அதற்கு முன்பே போயாயிற்று. நஞ்சுண்டனுக்கு அப்போது பன்னிரண்டு வயது. அப்பாவின் தம்பி சென்னியப்பன் வந்து பையனைக் கூட்டிப்போனார். நன்றாகத்தான் வளர்த்தார். அதை மறுத்துச் சொன்னால் நாக்கு அழுகிவிடும் என்று நஞ்சுண்டனே சொல்வார். தன் மகன் சந்தானத்துக்கு என்ன துணியோ அதே துணி, அதே தட்டு, அதே தயிர். பதினெட்டு முடிந்த மறுவாரம் சித்தப்பா அவரை டவுனுக்குக் கூட்டிப்போய் நெய்ரோஸ்ட் வாங்கிக்கொடுத்து, அப்படியே சார்பதிவாளர் ஆபீசுக்கு அழைத்துப்போனார். ஒன்பது ஏக்கரிலும் நஞ்சுண்டனுக்குப் பாத்தியதை இல்லை என்று எழுதியிருந்த விடுதலைப் பத்திரம் தயாராக இருந்தது. நஞ்சுண்டன் அதை முழுக்கப் படித்தார். எழுத்துக்கூட்டி அல்ல, நன்றாகப் புரிந்தே படித்தார். ஆறு வருஷம் அந்த வீட்டுச் சோறு. கையெழுத்துப் போட்டார். "படிக்கற பையனுக்கு மண்ணு எதுக்கு கண்ணு" என்றார் சித்தப்பா. அடுத்த வாரம் தன் தோளிலேயே தகரப்பெட்டியைச் சுமந்து கொண்டுபோய்க் கோவைக் கல்லூரி ஹாஸ்டலில் விட்டுவந்தார். எம்.ஏ. வரைக்கும் படிக்கவைத்தார்.

எம்.ஏ. முதல் வருஷம் ஏதோ ஒரு புத்தகத்தில் பன்னிரண்டு வயதுப் பையன், செத்துப்போன அப்பன், காப்பாளராக வந்த சித்தப்பன் என்று படித்தபோது, நஞ்சுண்டன் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு ஒரு சொம்புத் தண்ணீர் குடித்தார். பிறகு திறந்தார். அதற்கப்புறம் மூடவே இல்லை.

அவருக்கு நிலம் வேண்டியதில்லை. வந்தாலும் அதில் என்ன விதைப்பது என்று தெரியாது. அவருக்கு வேண்டியிருந்தது ஒரு வார்த்தை. 'ஆமா, நான் எடுத்துக்கிட்டேன்' என்று சித்தப்பா தன் வாயால் ஒரு தடவை சொல்லவேண்டும். அவ்வளவுதான். அதைக் கேட்க வாய் வரவில்லை. கல்யாணத்தின்போது, ஒவ்வொரு பொங்கலின்போதும், விமானம் ஏறும்போது என்று வாயைத் திறந்து திறந்து மூடிக்கொண்டார். "கேட்டுத்தான் தொலையுங்களேன்" என்று வசந்தாமணி சொல்லாத வருஷமில்லை.

"சோத்தைப் போட்டவர்கிட்ட என்னன்னு கேக்கறது?"

"அப்பறம் அந்த ரிச்சர்டை மட்டும் எதுக்குப் போட்டு இந்தப் பாடு படுத்தறீங்க? அவன் உங்களுக்குச் சோறு போடலங்கறதுனாலயா?"

அவள் சொன்னது சரிதான். சரியானதைச் சொல்கிறவர்களோடு மேற்கொண்டு பேச முடியாது என்பதால் நஞ்சுண்டன் பேச்சை அங்கேயே விட்டுவிடுவார்.

இரண்டாயிரமாவது ஆண்டு மே மாதம் சென்னியப்பன் அமெரிக்கா வந்து இறங்கினார். சித்தி இறந்து ஒரு வருஷம் ஆகியிருந்தது. மகன் சந்தானம் அதே பிளெய்ன்ஸ்பரோவில், சாலைக்கு அந்தப் பக்கத்து அபார்ட்மெண்டில் இருந்தான். மருந்துக் கம்பெனியில் வேலை. அவன் மனைவிக்கும் வேலை. ஆறு மாதம் அப்பா இருந்துவிட்டுப் போகட்டும் என்று விசா வாங்கிக் கூட்டிவந்தார்கள். வந்த நான்காவது நாள், வீட்டில் தனியாக இருந்த பெரியவர் பாத்ரூமில் ஒரு சுருட்டைப் பற்றவைத்தார். அலாரம் கத்தியது. இரண்டு தீயணைப்பு வண்டிகள் வந்தன. வேட்டியோடு வெளியே நின்ற சென்னியப்பன், இத்தனை பேர் தன்னைப் பார்க்கவா வந்தார்கள் என்று எல்லோருக்கும் கும்பிடு போட்டார்.

அன்று சாயங்காலம் சந்தானம் வந்தான். "அண்ணா, நீங்க பகல்ல வீட்லதானே இருக்கீங்க. அப்பாவை டெய்லி காலைல டிராப் பண்ணிட்டு, ஈவ்னிங் பிக்கப் பண்ணிக்கட்டுமா?"

பிளெய்ன்ஸ்பரோவில் இதெல்லாம் வழக்கம். ஊரிலிருந்து வந்த அப்பா அம்மாக்களை வேலைக்குப் போகமுடியாத விசாக்காரர்கள் வீட்டில் பகலுக்கு விட்டுவைப்பார்கள். ஒரு டப்பா இட்லியும் கூடவே வரும். நஞ்சுண்டன் சரி என்றார். கதவைச் சாத்திவிட்டு வந்து நாற்காலியில் உட்கார்ந்த பிறகுதான் அவருக்கு உறைத்தது. அவர் காப்பாளர் ஆகியிருந்தார். சித்தப்பா அவர் பொறுப்பில் வந்திருந்தார்.

மே முதல் செப்டம்பர் வரை அப்படியே ஓடிற்று. காலை ஏழரைக்குச் சென்னியப்பன் வருவார். சோபாவில் கால்களை மடித்து உட்கார்ந்து, இருபத்துநாலு மணி நேரமும் வானிலை மட்டுமே சொல்லும் சேனலைப் போடச்சொல்வார். ஒரு வார்த்தை புரியாது. படத்தைப் பார்த்தே தெரிந்துகொள்வார். "ஒஹையோப் பக்கம் நல்ல மழை கண்ணு. பூமி நனைஞ்சிருக்கும்" என்பார். மத்தியானம் நஞ்சுண்டன் சோறு போடுவார். ரசம் நன்றாக இருந்தால், "உங்க சித்தி ரசமாட்டவே இருக்குது" என்பார். நஞ்சுண்டனும் வாயைத் திறப்பார். "இன்னும் கொஞ்சம் ஊத்தட்டுங்களா சித்தப்பா?" என்று மட்டும் வெளியே வரும். நாள் போய்க்கொண்டிருந்தது. அக்டோபர் கடைசியில் பெரியவருக்கு டிக்கெட். ஊருக்குப் போனால் இனி ஒருமுறை இவ்வளவு தூரம் வரும் உடம்பில்லை. இப்போது கேட்காவிட்டால் எப்போதும் இல்லை என்று நஞ்சுண்டனுக்குத் தெரிந்தே இருந்தது.

இதற்கிடையில் லைப்ரரிக்காரர்கள் ஒரு வினையைக் கொண்டுவந்தார்கள். மாதத்தில் இரண்டாவது சனிக்கிழமை அங்கே ஒரு வட்டம் கூடும். மொத்தம் பதினோரு வெள்ளைக்காரர்கள், எல்லோரும் ரிட்டையர் ஆனவர்கள். மூன்றாம் ரிச்சர்டு ரொம்ப நல்லவன், அவனை ஜெயித்து வந்த டியூடர் வகையறாதான் அவன் பெயரைக் கெடுத்துவிட்டது என்பது அவர்கள் கட்சி. தலைவி திருமதி ஹாலோவே என்கிற அம்மாள். முன்னாள் பள்ளிக்கூட நூலகர். வெள்ளை ரோஜா ப்ரோச் குத்திக்கொண்டு வருவார். நஞ்சுண்டன் மூன்று வருஷமாகக் கடைசி நாற்காலியில் உட்கார்ந்து, பிஸ்கட் சாப்பிட்டு, வாய் திறக்காமல் திரும்பிவந்தவர். இந்தச் செப்டம்பரில் அவரைப் பேசச்சொல்லிக் கேட்டார் அந்த அம்மாள். அமெரிக்கா வந்து மூன்று வருஷத்தில் முதன்முறையாக அவரை ஒருவர் ஒரு வேலை செய்யச்சொல்லிக் கேட்டிருந்தார். சம்பளம் இல்லை, அதனால் விசாவுக்கும் பாதகமில்லை. நஞ்சுண்டனுக்கு அன்று இரண்டு இட்லி கூடுதலாக இறங்கிற்று.

நாற்பது பக்கம் எழுதினார். வசந்தாமணி ஆபீசில் பிரிண்ட் எடுத்துவந்தாள். முப்பத்தொன்றாம் பக்கத்தில், 'ரிச்சர்டே கொன்றான்' என்கிற வாக்கியம் இருந்தது. அதற்கு முந்திய முப்பது பக்கமும் அதைச் சொல்லத்தான்.

அந்தச் சனிக்கிழமை சந்தானம் குடும்பத்தோடு யாரோ குழந்தையின் பர்த்டே பார்ட்டிக்குப் போயிருந்தான். வசந்தாமணிக்கு ஆபீசில் வேலை. பெரியவரைத் தனியாக விட்டால் மறுபடியும் தீயணைப்பு வண்டி வரும். வேறு வழியில்லாமல் நஞ்சுண்டன் சித்தப்பாவையும் காரில் ஏற்றிக்கொண்டார். வேட்டி, அதன்மேல் சந்தானத்தின் கம்பெனி ஜெர்கின், காலில் புது ஷூ. வாசலில் கைகொடுத்த திருமதி ஹாலோவேயிடம் நஞ்சுண்டனைக் காட்டி, தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் பாதியைச் செலவழித்தார் சென்னியப்பன்.

"மை சன்."

நஞ்சுண்டன் திருத்தவில்லை.

சித்தப்பா முன்வரிசையில் நடு நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார். நஞ்சுண்டன் படிக்கத் தொடங்கினார். முப்பது பக்கத்தையும் சுருக்கிப் படித்து முப்பத்தொன்றுக்கு வந்தார். நிமிர்ந்தார். சித்தப்பா அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தை புரியாமல், ஒரு வார்த்தையையும் விடாமல், பள்ளிக்கூட விழாவில் தன் பிள்ளை பேசுவதைக் கேட்கும் தகப்பன் முகத்தோடு உட்கார்ந்திருந்தார். இருந்தும் நஞ்சுண்டன் படித்தார். ரிச்சர்டே கொன்றான்.

பதினோரு பேரும் மரியாதையாகத் தலையை ஆட்டி மறுத்தார்கள். திருமதி ஹாலோவே எழுந்தார். அந்தப் பையன்கள் முறையான கல்யாணத்தில் பிறந்தவர்கள் இல்லை, அவர்களுக்குச் சிம்மாசனத்தில் பாத்தியதை இல்லை என்று சட்டமே போட்டாயிற்று. எழுத்தில் எல்லாம் ரிச்சர்டின் பெயருக்கு வந்தாயிற்று. அதற்கப்புறம் எதற்குக் கொல்லவேண்டும்? நல்ல சோறு போட்டு, எங்காவது தூரத்தில் படிக்க அனுப்பியிருந்தால் போதாதா?

பதினேழு வருஷ வகுப்பில் யாரும் இதைக் கேட்டதில்லை. நஞ்சுண்டன் தண்ணீரை எடுத்து ஒரு மடக்குக் குடித்தார்.

"போதும்" என்றார் ஆங்கிலத்தில். "அப்படிச் செய்து பலித்த ஒரு இடம் எனக்குத் தெரியும்."

எந்த ராஜ்யம் என்று பின்வரிசையில் ஒருவர் பேனாவைத் திறந்துகொண்டு கேட்டார்.

"சின்ன ராஜ்யம். ஒன்பது ஏக்கர்."

எல்லோரும் சிரித்தார்கள். எல்லோரும் சிரிப்பதைப் பார்த்துச் சித்தப்பாவும் சிரித்தார். கூட்டம் நல்லபடியாக முடிந்தது.

காரில் ஏறியதும் பெரியவர் பெல்ட்டைப் போட்டுக்கொண்டார். நஞ்சுண்டன் சாவியைச் செருகினார், திருப்பவில்லை.

"நல்லாப் பேசுனே கண்ணு. ஆரைப் பத்தி?"

நஞ்சுண்டன் சொன்னார். அமெரிக்கா வந்து யாரிடமும் சொல்லாத தமிழில், தன் ஊர்த் தமிழில், பார்க்கிங் லாட்டைப் பார்த்தபடியே சொன்னார். அண்ணன் செத்தது, பன்னிரண்டு வயசுப் பையன், பொறுப்புக்கு வந்த தம்பி, கோட்டை. "அந்த அண்ணன்காரன் முன்னாடியே வேற ஒரு பொண்ணை நிச்சயம் பண்ணி உப்புச்சக்கரை மாத்தியிருந்தானாம். அதனால இந்தக் கல்யாணம் செல்லாது, பசங்களுக்குப் பாத்தியதை இல்லைன்னு எழுதி வாங்கிட்டாங்க சித்தப்பா."

"அது செய்வாங்க" என்றார் சென்னியப்பன்.

"அப்பறம் பசங்களைக் காணோம். ரெண்டு வருசத்துல அந்தத் தம்பி பொண்டாட்டி செத்துப்போச்சு. அண்ணன் மகளையே கட்டிக்கப் பாத்தான்னு ஒரு பேச்சு."

பெரியவர் திடுக்கிட்டுத் திரும்பினார். "அண்ணன் மகளையா? அது அவனுக்கு மகளாச்சே. சீ, என்ன சாதிசனம் இவுங்க." அந்த அருவருப்பு அடங்க அவருக்குக் கொஞ்ச நேரமாயிற்று. "அந்த வெள்ளைக்காரம்மா எதுக்கு எந்திரிச்சுச் சண்டை போட்டுச்சு?"

"ரிச்சர்டு பசங்களைக் கொல்லலைங்குது. சாட்சி இல்லைங்குது."

சென்னியப்பன் கண்ணாடிக்கு வெளியே பார்த்தார். யாரோ ஒரு அம்மாள் டிக்கியில் புத்தகப் பையை வைத்துக்கொண்டிருந்தார்.

"சித்தப்பன்தான் பண்ணிருப்பான். இதுக்குச் சாட்சி எதுக்கு? பையன் ஒருத்தன் பாத்தியதையோட ஊட்டுக்குள்ள வளர்றப்ப, சித்தப்பனுக்குப் பொட்டுத் தூக்கம் வராது. எனக்குத் தெரியும்."

நஞ்சுண்டன் சாவியிலிருந்து கையை எடுத்தார்.

"ஆனா கொல்லோணும்னு இல்ல கண்ணு" என்றார் சித்தப்பா. "படிக்க வெச்சாப் போதும். தானாப் போயிருவானுக. உன்னை அதுக்குத்தான் படிக்க வெச்சேன். நீ பத்தரத்துல கையெழுத்துப் போட்ட அன்னைக்கு ராத்திரிதான் நான் நல்லாத் தூங்குனேன்." ஜெர்கினின் ஜிப்பைக் கழுத்துவரை இழுத்துவிட்டுக்கொண்டார். "சந்தானத்தை அக்ரி காலேஜுல போட்டது, படிச்சுட்டு வந்து தோட்டத்தைப் பாத்துக்குவான்னு. ஒருத்தனைப் போகறதுக்குப் படிக்க வெச்சேன், ஒருத்தனை இருக்கறதுக்குப் படிக்க வெச்சேன். ரெண்டு பேரும் ஒரே ஊருல வந்து உக்காந்துட்டீங்க. தோட்டத்துல இப்ப ஆருமில்ல."

இருபத்தாறு வருஷம் காத்திருந்த வார்த்தை வந்துவிட்டது. அது வரும்போது எப்படிக் கோபப்படவேண்டும் என்று நஞ்சுண்டன் நூறு விதமாக யோசித்து வைத்திருந்தார். பெல்ட்டுக்குள் ஒடுங்கி, பெரிய ஜெர்கினுக்குள் தொலைந்துபோய் உட்கார்ந்திருந்த கிழவரைப் பார்க்கப் பாவமாக மட்டும் இருந்தது. நஞ்சுண்டனுக்கு அதுதான் பொறுக்கவில்லை. தன் நிலத்தோடு சேர்த்து, தன் கோபத்தையும் இந்த மனுஷர் எழுதி வாங்கிக்கொண்டார் என்று நினைத்தபோது அவருக்கு அழுகை வந்தது.